முந்தைய சந்தாதாரர்

நன்னிலம் கடைத்தெருவில், செருப்புக்கடையை ஒட்டிய
கண்ணாடிப் பெட்டிக்குள்ளிருந்து
இந்த எண்ணை எடுத்துக் கொடுத்தான் பையன்.
ஃபேன்சி நம்பர் இல்லக்கா, ஆனா கடைசில ரெண்டு ஏழு.
கட்டைவிரல் வைத்தேன்.
பத்து வருஷம் மாத்திரை அட்டை கிழித்துத் தேய்ந்த விரல்.
இருந்தும் உடனே அடையாளம் கண்டது மிஷின்.

மூன்றாம் நாள் வந்தார் வைரக்கண்ணு.

'வைரக்கண்ணு அவர்களே, தங்கள் நெல் 47 மூட்டை
கொள்முதல் செய்யப்பட்டது.'
அப்புறம் கூட்டுறவுச் சங்கம், நகைக்கடன் வட்டி.
அப்புறம் அறுவடை மிஷின்காரன்:
பெரியவரே, பாக்கி ரெண்டாயிரம் என்னாச்சு?
நான் பெரியவர் இல்லை என்றேன்.
மருமகளா, என்றான்.
கொல்லுமாங்குடி ஸ்கேன் சென்டரிலிருந்து ரிப்போர்ட்:
சிறுநீர்க் குழாயில் கல், எட்டு மில்லிமீட்டர்.
அதற்கு என்ன எழுதுவார்கள், எத்தனை நாளைக்கு,
எல்லாம் தெரியும் எனக்கு.
ஆள் முகம் தெரியாது.

ஒரு ராத்திரி பதினொன்று நாற்பதுக்கு
ஆறு இலக்கம். யாரிடமும் பகிர வேண்டாம்.
என்னிடம் பகிர்ந்துவிட்டு இதைச் சொன்னார்கள்.
அவர் வீட்டுச் சாவி என் தலையணை ஓரம்
பத்து நிமிஷம் கிடந்து
செல்லாமல் போனது.

காலையில் கம்பெனிக்குப் போன் போட்டேன்.
தமிழுக்கு ஒன்றை அழுத்தி,
உரையாடல் பதிவு செய்யப்படுவதைக் கேட்டு,
புல்லாங்குழல் கேட்டு,
கடைசியில் ஒரு பெண்:
முந்தைய சந்தாதாரர் விவரம் தர முடியாதுங்க மேடம்.
அவங்க தனியுரிமை.
அவர் கல்லின் அளவே என்னிடம் இருக்கிறதம்மா என்றேன்.
வேறு ஏதாவது உதவி வேண்டுமா என்றாள்.

போனை வைத்தபிறகுதான் கை நடுங்கியது.
கோபத்தில் இல்லை.

விருத்தாசலத்தில் ஒருவனை விட்டு வந்தவள் நான்.
வல்லம்படுகையில் பஸ் நின்றபோது அக்காவிடம்
நாற்பத்தொரு நொடி பேசினேன்.
பாலத்தின் நடுவில் சிம்மை ஒடித்து
ஜன்னல் வழியே கொள்ளிடத்தில் போட்டேன்.
ஒடிந்தது அட்டைதான்.
எந்த டவர், எத்தனை மணி, யாருக்கு, எத்தனை நொடி,
அது எங்கோ குளிரூட்டிய அறையில் இருக்கும்.
என்ன பேசினேன் என்பது மட்டும் இராது.
பழைய எண்ணுக்கும் புதிய எண்ணுக்கும்
ஒரே கட்டைவிரல்.
அவனுக்குத் தெரிந்த ஒரு டீலர் போதும்,
ஒரு டீ, ஒரு சிகரெட், ஒரு துண்டுச் சீட்டு.

தர முடியாதுங்க என்ற அந்தப் பெண்ணின் குரலை
அவன் பக்கம் நின்றும் கேட்டுப் பார்த்தேன்.
அதே குரலில் சொல்வாளா அவனிடமும்?

முடிகொண்டான் ஆற்று மதகில்
லஸ்கர் ஒரு நோட்டு வைத்திருக்கிறார்.
எத்தனை அடி தண்ணீர், எப்போது திறந்தது, எப்போது அடைத்தது.
எந்தத் துளி எந்த வயலுக்குப் போனது என்று
அவர் எழுதுவதில்லை.
எழுத முடிந்தாலும் எழுதமாட்டார் என்றுதான் நினைக்கிறேன்.
கேட்டதில்லை.

சனிக்கிழமை டூட்டி முடிந்து
கொள்முதல் நிலையத்துக்குப் போனேன்.
தார்ப்பாய்க்கடியில் சாக்கு, சாக்குக்கடியில் ஈரம்.
பட்டியல் எழுத்தரிடம் சொன்னேன்:
வைரக்கண்ணு என்று ஒருத்தர் வந்தால்
நம்பரை மாற்றிக்கொள்ளச் சொல்லுங்கள்.
எந்த வைரக்கண்ணு, மூணு பேர் இருக்காங்க என்றார்.
கல் இருப்பவர் என்று வாய்வரை வந்தது.
நாற்பத்தேழு மூட்டை என்றேன்.
நீங்க யாரு?
பேர் சொல்லாமல் வந்துவிட்டேன்.

இப்போது மணி பத்தே கால்.
வயலுக்கு அப்பால் டவரின் சிவப்பு விளக்கு.
பெயரில்லாத ஓர் எண் அடித்துக்கொண்டே இருக்கிறது.
மிஷின்காரனாக இருக்கலாம்.
இரண்டு ஏழையும் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்,
அவரைத் தேடியா,
என்னைத் தேடியா.